நாற்பத்தோராவது கிணறு

2025 மார்ச் 3, திங்கள்

இன்று ஆறு கிணறு. இதுவரை பத்தொன்பது.

காலை கேதீஸ்வரி அக்காவின் தோட்டத்தில் தொடங்கினேன். வாளியை இறக்கிவிட்டு அப்படியே குனிந்தபடி நின்றுவிட்டேன் போலிருக்கிறது. கீழே ஒரு தட்டளவு வானம், அதற்குள் என் தலை, தலைக்குப் பின்னால் ஒரு கொக்கு மெதுவாகக் கடந்து போனது. எவ்வளவு நேரம் நின்றேனோ தெரியாது.

"என்ன பிள்ளை, தண்ணி அளக்க வந்தனியோ, முகம் பாக்க வந்தனியோ?" என்று அக்கா கேட்டபிறகுதான் கயிறு கையில் இருப்பது நினைவுக்கு வந்தது.

அக்கா எங்கள் மாதர் சங்கத் தலைவி. வெங்காயமும் கத்தரியும் செய்கிறார். அவர் முன்னால் நடந்திருக்காவிட்டால் இந்த வெள்ளரிப்புலத்தில் ஒருவரும் எனக்குப் படலை திறந்திருக்க மாட்டார்கள். மீற்றர் ஒரு பேனையளவுதான். நுனியைத் தண்ணீருக்குள் வைத்தால் உப்பின் இலக்கம் காட்டும். ஐந்நூறுக்குள் நின்றால் நல்ல தண்ணீர். ஆயிரத்தைத் தாண்டினால் நாக்கே சொல்லிவிடும். அக்காவுடையது 1,680. எட்டிப் பார்த்துவிட்டு வெங்காயப் பாத்திக்குப் போய்விட்டார்.

ஊருக்கு வடக்கே கொம்பனி கல் வெட்டத் தொடங்கி மூன்று வருடம். குழிக்குள் ஊறும் தண்ணீரை இராப்பகலாக இறைத்து வெளியே விடுகிறார்கள். நன்னீர் இறங்க இறங்கப் பாறைக்கு அடியால் கடல் ஏறி வருகிறது என்பது எங்கள் சந்தேகம். இப்போது இன்னும் நூற்றைம்பது பரப்புக் காணியில் வெட்ட அனுமதி கேட்டிருக்கிறார்கள். வெறும் சந்தேகத்தை வைத்துக்கொண்டு அதை மறிக்க முடியாது. ஆகவே குறிச்சியின் எல்லாக் கிணறுகளையும் அளந்து 'துரவு' என்ற என் பேஸ்புக் பக்கத்தில் போடப் போகிறேன். அந்தப் பக்கத்துக்கு ஆசிரியர், நிருபர், படம் எடுப்பவர், தேத்தண்ணீர் போடுபவர் எல்லாம் நானே. காலையில் செய்தி; மத்தியானத்துக்குப் பிறகு அச்சகத்தில் பிழை திருத்தும் வேலை.

முன்பு நான் வேலை செய்த பத்திரிகையின் ஆசிரியர் சொல்வார்: "சிவகௌரி, மழை பெய்தது எண்டு ஒரு வரியிலை எழுதும். நீர் மழைக்குள்ளை போய் நிண்டுகொண்டெல்லோ எழுதுறீர்." சரியாகத்தான் சொன்னார்.

மார்ச் 5, புதன்

கல் ஏற்றிப் போகும் டிப்பர்களின் புழுதி படிந்து வீதியோரத்துப் பூவரசெல்லாம் வெள்ளை. பனி விழும் நாட்டில் போவதாக நினைத்துக்கொண்டு சைக்கிள் ஓடினேன், இருமல் வரும்வரை.

மார்ச் 16, ஞாயிறு

நாற்பது முடிந்தது. மிச்சம் ஒன்று, எங்களுடையது. வேண்டுமென்றே கடைசிக்கு விட்டேனோ?

தங்கச்சி சாருஜா கயிறு பிடித்தாள். அவளுக்கு ஞாயிறு மட்டுந்தான் மருந்துக்கடையில் லீவு. மீற்றரை வாளிக்குள் வைத்தேன். 1,940.

"அக்கா, மீற்றர் பிழையோ?"

துடைத்துவிட்டு மறுபடி வைத்தேன். 1,940. நாற்பத்தொன்றில் மூன்றாவது மோசமான கிணறு எங்களுடையது. கொஞ்சக் காலமாகத் தண்ணீர் கரிப்பது தெரியும். தேத்தண்ணீரில் சீனியைக் கூட்டிக்கொண்டோம், அவ்வளவுதான்.

இது பங்குக் கிணறு. மூன்றில் இரண்டு எங்களுக்கு, ஒன்று பக்கத்து வளவு நாகலிங்கம் அண்ணைக்கு. செவ்வாயும் வெள்ளியும் அவர் இறைக்கும் முறை. காணி உறுதிப் பத்திரத்தில் அப்பாவின் காலத்திலேயே எழுதிக் கிடக்கிறது: வீடு, நாலு பரப்புக் காணி, நன்னீர்க் கிணற்றில் மூன்றில் இரண்டு பங்கு, அதற்குப் போய்வரும் வழியும் வாய்க்காலும். அதுதான் சாருஜாவின் சீதனம். கற்குழிக்குக் கிழக்கே, மருதனார்மடத்துப் பக்கத்து ஊரில் அவளுக்குக் கலியாணப் பேச்சுக்கால் நடக்கிறது. கோகுலன், கணித வாத்தியார். தகப்பனுக்கு மருந்து வாங்க வருகிற சாட்டில் இவளோடு நாலு வார்த்தை கதைத்துவிட்டுத்தான் போவானாம். பெரியவர்கள் பேசத் தொடங்கியது அதற்குப் பிறகுதான்.

அம்மாவிடம் இலக்கத்தைச் சொன்னேன். உலைக்கு அரிசி களைந்துகொண்டிருந்தவர் நிமிரவில்லை. "உதை ஒருத்தருக்கும் சொல்லிப் போடாதை. உன்ரை விசயந்தான் உப்பிடிப் போட்டுது. இவளின்ரையாவது ஒப்பேறட்டும்."

என்னுடைய பேச்சுக்கால்கள் எல்லாம் 'பெட்டை பேப்பரிலை எழுதுதாம்' என்ற இடத்தில் நின்றவை. முப்பத்தாறு வயதாகிறது. எனக்கு அதில் பெரிய துக்கமில்லை. அம்மாவுக்கு இருக்கிறது.

மார்ச் 23, ஞாயிறு

கோகுலன் வீட்டார் வந்து போனார்கள்.

அம்மா நேற்றே இரண்டு கான் சுத்திகரித்த தண்ணீர் வாங்கி, அடுப்படி மூலையில் சீலையால் மூடி வைத்திருந்தார். தேத்தண்ணீர் அதில். கால் கழுவ மட்டும் கிணற்றுத் தண்ணீர்.

கோகுலனின் தாய் அருமைநாயகி மாமி உயரமான மனுசி, அதிகம் கதைக்கமாட்டார். வளவைச் சுற்றிப் பார்த்துவிட்டு வந்து, "கிணறு நல்ல தண்ணியோ?" என்று கேட்டார்.

"ஓம், ஓம். தேன் மாதிரி," என்றார் அம்மா.

நான் பயத்தம் பணியாரத் தட்டோடு பக்கத்தில் நின்றேன். ஊரெல்லாம் மீற்றரோடு திரிகிற சிவகௌரி, தட்டை நீட்டி, பணியாரம் நல்ல மொறுமொறுப்பு என்று ஏதோ சொன்னாள். சாருஜா என்னைப் பார்த்தாள். கோகுலன் சாருஜாவைப் பார்த்துக்கொண்டிருந்தான். முற்றத்தில் வெயில் மஞ்சளாய் விழுந்துகொண்டிருந்தது, யாருக்கும் அவசரமில்லை. எல்லாமே வேறு யாருடையதோ வீட்டில் நடப்பது போலத் தெரிந்தது.

போகும்போது மாமி அம்மாவின் கையைப் பிடித்து, "ஆவணிக்குள்ளை ஒரு நாளைப் பாப்பம்," என்றார். அம்மாவின் முகம் இப்படி விரிந்ததைக் கண்டு பல வருடம். எனக்கும் சந்தோசமாக இருந்தது. அதுதான் கேவலம்.

மார்ச் 28, வெள்ளி

பட்டியல் போட்டாயிற்று. எங்கள் ஊரில் கிணற்றுக்கு இலக்கம் கிடையாது. தம்பிஐயா கிணறு, பூரணம் கிணறு என்றுதான் சொல்வோம். அதனால் ஒவ்வொன்றுக்கும் உரியவரின் முழுப் பெயரையும் போட்டேன். பெயரோடு கிடந்தால் கொம்பனியால் மறுக்க முடியாது என்று நினைத்தேன்.

நாற்பத்தோராவது வரியில் அம்மாவின் பெயரும் 1,940 என்ற இலக்கமும் இருந்தன. நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். அழித்தேன். சாருஜாவுக்காக, என்று எனக்கு நானே சொன்னேன். அவள் கேட்கவில்லை.

ஏப்ரல் 1, செவ்வாய்

பன்னிரண்டாயிரம் பேர் பார்த்திருக்கிறார்கள்! கனடாவில் இருந்து ஒருவர், "தம்பிஐயா அப்புவின்ரை கிணறு 1,210 ஓ? நான் அதிலைதான் நீந்தப் பழகினனான்," என்று எழுத, லண்டனில் இருந்து இன்னொருவர், அது தங்கள் குடும்பத்துக் கிணறு, இவருக்கு அதில் பங்கே கிடையாது என்று சண்டைக்குப் போயிருக்கிறார். பனியில் இருந்துகொண்டு கிணற்றுக்கு அடிபடுகிறார்கள். பிரதேச செயலகத்திலும் பட்டியலைக் கேட்டு வாங்கினார்கள்.

நாள் முழுக்க மிதந்துகொண்டு திரிந்தேன். அச்சகத்தில் ஒரு கலியாணக் கார்ட் மாப்பிள்ளையின் பெயரே இல்லாமல் அச்சுக்குப் போகப் பார்த்தது. நல்ல காலம், முதலாளி கண்டுவிட்டார்.

ஏப்ரல் 2, புதன்

கேதீஸ்வரி அக்கா வந்து படலையடியிலேயே நின்றார். மருதனார்மடச் சந்தையில் வியாபாரி வெங்காயத்தைக் கையில் எடுத்து உருட்டிப் பார்த்துவிட்டு, "அக்கா, உது அந்த உப்புக் கிணத்து வெங்காயமெல்லோ? பேஸ்புக்கிலை உங்கடை பேர் கிடந்தது," என்றானாம். கொண்டுபோன மூட்டையைத் திருப்பிக் கொண்டுவந்திருக்கிறார். பூரணம் மாமியின் காணியை வாங்க வந்தவர்களும் பின்வாங்கிவிட்டார்களாம்.

"பேரைப் போடப் போறன் எண்டு ஒரு வார்த்தை கேட்டிருந்தால் நாங்கள் ஓம் எண்டுதான் சொல்லியிருப்பம். நீ கேக்கேல்லையே பிள்ளை."

கேட்கவில்லை. உண்மையை எழுதுகிறவள் எதற்காக ஆட்களிடம் கேட்க வேண்டும் என்று ஒரு திமிர். வாளி இறக்கித் தந்தவர்கள் அவர்கள், கயிறு பிடித்தவர்கள் அவர்கள். எனக்கு அவர்கள் வெறும் நாற்பது வரிகளாகப் போய்விட்டார்கள்.

அக்கா அப்போதும் ஏசவில்லை. "சரி, எல்லாருக்கும் ஒரே நட்டந்தானே. ஒண்டாய் நிண்டு கதைப்பம்," என்றார்.

எல்லாருக்கும் ஒரே நட்டம். நான் தலையாட்டினேன்.

ஏப்ரல் 6, ஞாயிறு

கூட்டுறவுச் சங்கக்கடையில் வரிசை. பதினைந்து பேராவது இருக்கும். எனக்கு முன்னால் நின்ற நாகலிங்கம் அண்ணை திரும்பினார்.

"பிள்ளை, உம்மடை பட்டியலை எண்ணிப் பாத்தனான். நாப்பது. எங்கடை குறிச்சியிலை நாப்பத்தொரு கிணறெல்லோ?"

நான் பையை மற்றக் கைக்கு மாற்றினேன்.

"எங்கடை கிணத்திலை மூண்டிலொரு பங்கு என்ரை. என்ரை பங்குத் தண்ணியிலை மிளகாய்க் கண்டு கருகுது. உங்கடை மூண்டிலிரண்டும் தேனோ?"

யாரோ சிரித்தார்கள். பிறகு எல்லாரும் சிரித்தார்கள். கேதீஸ்வரி அக்கா எண்ணெய்ப் போத்தலோடு வரிசையின் கடைசியில் நின்றார். அவர் சிரிக்கவில்லை. என்னை ஒருமுறை பார்த்துவிட்டுச் சாமான் வாங்காமலே போய்விட்டார்.

ஏப்ரல் 7, திங்கள்

வெட்கம். வேறொன்றும் எழுத வரவில்லை.

ஏப்ரல் 14, திங்கள்

வருசப்பிறப்பு. தலையில் மூலிகை மருத்துநீர் வைத்துக் குளித்தோம். கண் எரிந்தது, மருத்துநீரோ உப்போ தெரியவில்லை. வழக்கமாகக் கேதீஸ்வரி அக்கா வீட்டிலிருந்து பலகாரம் வரும். இந்த முறை வரவில்லை. நாங்கள் அனுப்பியதைத் திருப்பி அனுப்பாமல் விட்டாரே, அதுவே பெரிது.

மத்தியானம் பொங்கல் மயக்கத்தில் படுத்துக் கனவு கண்டேன். ஊருக்கு அடியில் தோசை மாதிரி ஓட்டை ஓட்டையான பாறை. அதற்குள்ளால் நான் நடந்து போகிறேன், தண்ணீர் முழங்கால் அளவு, வெதுவெதுப்பாக, பச்சையாக. தலைக்கு மேலே வட்ட வட்டமாக வெளிச்சம். ஒவ்வொரு வட்டமும் ஒவ்வொருவர் கிணறு. எங்கிருந்தோ வாளிகள் இறங்குகின்றன, ஏறுகின்றன. எது யாருடைய வாளி என்று கீழே இருந்து பார்த்தால் தெரியவில்லை. ஒரு திருக்கை மீன் சாவகாசமாக எங்கள் அடுப்படிக்குக் கீழாலே நீந்திப் போனது. பயமாக இல்லை. அவ்வளவு அழகாக இருந்தது.

எழும்பியபோது வாய் கரித்தது. எழும்பியிருக்கவே வேண்டாம் என்று தோன்றியது.

ஏப்ரல் 25, வெள்ளி

தேர்தல் வருகிறது. இன்று மூன்று தரப்பு வேட்பாளர்கள், ஒருவர் போக மற்றவராக, தம்பிஐயா கிணற்றுக் கட்டில் நின்று படம் எடுத்தார்கள். மூவரும் ஒரே வாளியைப் பிடித்தார்கள். ஒருவர் என்னிடம், "தங்கச்சி, துரவிலை நல்லாய் எழுதுறீங்கள், இதையும் ஒருக்காப் போட்டு விடுங்கோ," என்றார். கற்குழி பற்றி உங்கள் கட்சியின் முடிவு என்ன என்று கேட்டேன். நேரமாகிறது என்று வாகனத்தில் ஏறிப் போனார். அந்த வேலையையாவது ஒழுங்காகச் செய்தேன்.

பின்னேரம் மோட்டார் சைக்கிளில் இருவர் வந்தார்கள். யார் என்று சொல்லவில்லை. இந்தப் பக்கத்தை நடத்துவது யார், வெளிநாட்டிலிருந்து ஆரும் சொல்லித் தருகிறார்களா, தங்கச்சி எங்கே வேலை செய்கிறாள் என்றெல்லாம் அம்மாவிடம் மரியாதையாகக் கேட்டிருக்கிறார்கள். அந்தக் கடைசிக் கேள்விக்காக, சாருஜா வேலையால் வரும்வரை படலையடியில் நின்றேன்.

மே 9, வெள்ளி

அறிவித்தல் ஒட்டியிருக்கிறார்கள். நூற்றைம்பது பரப்பு அனுமதி பற்றி மக்கள் கருத்துக் கேட்கும் கூட்டம், இருபதாம் திகதி, பொதுநோக்கு மண்டபத்தில். கிணற்றுச் சொந்தக்காரர்கள் நேரில் வந்து பெயர் சொல்லிக் கதைத்தால்தான் முறைப்பாடாகப் பதிவார்களாம்.

வீடு வீடாகப் போனேன். பூரணம் மாமி படலையைத் திறக்காமலே கதைத்தார். "எங்களைச் சந்தியிலை விட்டிட்டு உங்கடையை மூடி வைச்சனீர். இனி என்னத்துக்கு வாறம்?" நாற்பது வீட்டில் வருவதாகச் சொன்னது இரண்டே வீடு. ஒருவரும் போகாவிட்டால் அனுமதி கிடைத்துவிடும். அதற்குப் பிறகு எந்தக் கிணறும் மிஞ்சாது. இதைக் கெடுத்தது கொம்பனி மட்டுமில்லை.

மே 11, ஞாயிறு

எங்கள் கிணற்றையும் போடப் போகிறேன் என்று சாருஜாவிடம் சொன்னேன். அவள் கிணற்றடியில் உடுப்புத் தோய்த்துக்கொண்டிருந்தாள். நுரையே வராத தண்ணீரில் சவர்க்காரத்தைத் தேய்த்துத் தேய்த்து.

"உனக்காகத்தான் விட்டனான்," என்றேன்.

கையிலிருந்ததைப் போட்டுவிட்டு எழும்பினாள். "எனக்காகவோ? நான் போடாதை எண்டு சொன்னனானோ? ஒரு சொல்லுக் கேட்டனியோ? ஊரிலை நாப்பது பேரிட்டைக் கேக்காமல் போட்டாய். என்னட்டைக் கேக்காமல் அழிச்சாய். களவு செய்ததை என்ரை பேரிலை எழுதி வைக்காதை அக்கா."

இவள் இப்படிக் கத்தி நான் கண்டதில்லை. பிறகு அழுதாள். கோகுலனைப் பிடித்திருக்கிறது, அதையும் சொன்னாள். நானும் அழுதேன், உதவாத அழுகை.

பின்னேரம் அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினார். நாள் வைக்கும்வரை பொறு, தாலிக்குப் பொன்னுருக்கி முடியட்டும், அதற்குப் பிறகு எதையாவது போடு. எனக்கு அம்மாவை எதிர்க்கத் தெரியவில்லை. பொறுப்பதாகச் சொன்னேன். இன்னொரு தரமும் ஒளிந்துகொண்டேன்.

மே 20, செவ்வாய்

எப்படி எழுதுவேன்? நடந்தபடி எழுதுகிறேன்.

மண்டபத்தில் ஐம்பது அறுபது பேர். கதைக்க வந்தவர்கள் சிலர்தான், மற்றவர்கள் வேடிக்கை பார்க்க வந்தவர்கள். கேதீஸ்வரி அக்கா முன் வரிசையில். நான் பின்னால், சுவரோடு, கமராவுக்குப் பின்னால். மேசையில் மூன்று அதிகாரிகள், ஒரு ஓரத்தில் கொம்பனியின் முகாமையாளர்.

அக்கா எழும்பித் தன் கிணற்றைப் பற்றிச் சொன்னார். முகாமையாளர் அமைதியாகக் கேட்டிருந்துவிட்டு ஒரு தாளை உயர்த்தினார். "இந்தப் பட்டியலை வைச்சுத்தான் எல்லாரும் கதைக்கிறீங்கள். இதை எழுதினவவின்ரை சொந்தக் கிணறு இதிலை இல்லை. தன்ரை கிணறு நல்லாய் இருக்கெண்டு விட்டாவோ, இல்லாட்டி மறைச்சாவோ? ஒண்டை மறைச்சவ மற்றதுகளைக் கூட்டி எழுதியிருக்க மாட்டாவோ?"

எல்லாத் தலைகளும் திரும்பின. இப்போது கதைக்க வேண்டியது நான். எனக்கு மண்டபமே தண்ணீருக்குள் தாழ்ந்ததுபோல இருந்தது. மேலே மின்விசிறி சுற்றுகிற சத்தம், யாரோ ஒரு பிள்ளை சிணுங்குகிற சத்தம், எல்லாம் தூரத்தில். மழைக்குள் நின்று எழுதுகிறவளுக்கு மழை உண்மையாகவே வந்தபோது ஒன்றும் செய்யத் தெரியவில்லை.

"நாப்பத்தோராவது கிணறு எங்கடை."

வாசலில் சாருஜா. மருந்துக்கடை நீலச் சட்டையோடு, நேரே வேலையிலிருந்து வந்திருக்கிறாள். நடந்து முன்னால் போனாள். "என்ரை பேர் சாருஜா. அந்த வீடும் கிணறும் என்ரை சீதனம். உறுதியிலை நன்னீர்க் கிணறு எண்டு கிடக்கு. அளந்த அண்டைக்குக் கயிறு பிடிச்சது நான். ஆயிரத்துத் தொளாயிரத்து நாப்பது. அக்கா மறைச்சது பிழை. ஆனால் அவ மறைச்சது உப்பை, கூட்டி எழுதேல்லை. இப்ப வாங்கோ, அளந்து பாருங்கோ."

நாகலிங்கம் அண்ணை வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு எழும்பினார். "அதிலை மூண்டிலொரு பங்கு என்ரை. அதையும் பதியுங்கோ. அதுவும் உப்புத்தான்."

சிரிப்பு எழும்பியது, ஆனால் சங்கக்கடைச் சிரிப்பு மாதிரி இல்லை. அதற்குப் பிறகு தம்பிஐயா அப்பு எழும்பினார். பூரணம் மாமி எழும்பினார். வேடிக்கை பார்க்க வந்தவர்கள் ஒவ்வொருவராகப் பெயரையும் இலக்கத்தையும் சொன்னார்கள். எழுதிக்கொண்டிருந்த அதிகாரி இன்னொரு தாள் கேட்டார். மொத்தம் முப்பத்திநான்கு பேர். கமரா ஓடிக்கொண்டிருந்தது, நான் அதைப் பார்க்கவேயில்லை.

நடு வரிசையில் கோகுலனின் மாமா ஒருவர் இருந்தாராம். கூட்டம் முடியமுன் எழும்பிப் போய்விட்டாராம்.

மே 21, புதன்

'துரவு' பக்கத்தில் திருத்தம் போட்டேன். நாற்பது வீட்டாரிடமும் மன்னிப்புக் கேட்டு, நாற்பத்தோராவது கிணற்றையும் சேர்த்து. பெயர் வேண்டாம் என்கிறவர்களின் பெயரை எடுத்துவிடுவதாக எழுதினேன். பிறகு நேரிலும் போய்க் கேட்டேன். எடுக்கச் சொன்னது மூன்று பேர். சாருஜாவிடம் கேட்டுவிட்டு, கூட்டத்தில் அவள் கதைத்த வீடியோவையும் போட்டேன்.

கோகுலன் வீட்டிலிருந்து ஒரு கதையுமில்லை. அம்மா என்னோடு கதைப்பதை நிறுத்திவிட்டார். சோற்றை மட்டும் போட்டு மூடி வைக்கிறார்.

யூன் 17, செவ்வாய்

புதிய அனுமதி இல்லை என்று கடிதம் வந்திருக்கிறது. பழைய குழியில் தண்ணீர் இறைப்பதையும், ஆய்வு முடியும்வரை நிறுத்தச் சொல்லியிருக்கிறார்கள். கேதீஸ்வரி அக்கா கடிதத்தின் பிரதியைத் தன் கையாலேயே கொண்டுவந்தார். படலையடியில் நிற்காமல் உள்ளே வந்து இருந்து, எங்கள் கிணற்றுத் தண்ணீரில் போட்ட தேத்தண்ணீரை முகம் சுழிக்காமல் குடித்தார்.

டிப்பர் சத்தமில்லாத பின்னேரம். எத்தனையோ மாதத்துக்குப் பிறகு கிளிகள் கத்துவது கேட்டது. சந்தோசமாக இருக்க வேண்டும். சாருஜா வேலையால் வந்து, உடுப்பை மாற்றாமல், முற்றத்தில் வெறுமனே இருந்தாள். அவளுடைய போன் பக்கத்தில் கிடந்தது. ஊருக்குத் தண்ணீர் திரும்பட்டும் என்று இவளைப் பலி கொடுத்துவிட்டோமோ என்று நினைத்தேன். அந்த நினைப்பு போக மாட்டேன் என்கிறது.

யூலை 6, ஞாயிறு

காலை எட்டரைக்கு ஒரு அழைப்பு. அருமைநாயகி மாமி. சுகம் விசாரிக்கவில்லை. "பிள்ளை, உந்த மீற்றரை எடுத்துக்கொண்டு ஒருக்கா எங்கடை பக்கம் வரேலுமோ? தங்கச்சியையும் கூட்டிக்கொண்டு வாங்கோ," என்றார்.

சாருஜா ஸ்கூட்டியை ஓட, நான் பின்னால். கற்குழியைக் கடந்தபோது அதன் அடியில் தண்ணீர் தேங்கிப் பச்சையாக, அசையாமல் கிடந்தது. அதற்குள் மேகம் போய்க்கொண்டிருந்தது. இவ்வளவு கேடும் செய்த இடம் இவ்வளவு வடிவாக இருக்கலாமோ?

கோகுலன் படலையில் நின்றான். சாருஜாவைப் பார்த்து, "கூட்டத்திலை கதைச்சதைப் பாத்தனான். பத்துத் தரமாவது பாத்திருப்பன்," என்றான். அவள் ஹெல்மெட்டைக் கழற்றாமலே நின்றாள்.

மாமி நேரே கிணற்றடிக்குக் கூட்டிப் போனார். தானே வாளியை இறக்கி, தானே இழுத்தார். மீற்றரை வைத்தேன். 2,310. எங்களுடையதைவிடக் கூட.

மாமி இலக்கத்தைப் பார்த்தார். "ஒண்டரை வருசமாய்த் தெரியும். மூத்த மகளின்ரை பேச்சுக்கால் நடந்தபடியால் வெளியிலை விடேல்லை. உங்கடை வீட்டுக்கு வந்தண்டும், கலியாணம் முடிச்சு இஞ்சை இருந்து போற பெடியனாவது நல்ல தண்ணி குடிக்கட்டும் எண்டு நினைச்சுத்தான் கேட்டனான்." பிறகு, என் கையிலிருந்த கொப்பியைக் காட்டி, "பேர் போடுவீங்களோ?" என்று கேட்டார்.

"நீங்கள் ஓம் எண்டால்தான் மாமி."

அவர் கயிற்றைச் சுருட்டிக் கப்பித் தூணில் கொழுவினார். ஈரக்கையைச் சேலையில் துடைத்தார். பிறகு சாருஜாவின் பக்கம் திரும்பி, அவளிடமே சொன்னார்.

"போடச் சொல்லு பிள்ளை. சம்பந்தி வீட்டுக் கிணத்துக்குப் பக்கத்திலை போடச் சொல்லு."